அறக்கட்டளைக்குச் சொந்தமாக மெசேஜ் சர்வர்: சாவி யாரிடம் என்பதிலிருந்து தொடங்குங்கள்

உங்கள் அறக்கட்டளையின் வாட்ஸ்ஆப் குழுவைத் திறந்து, இதுவரை வந்த படங்களையும் கோப்புகளையும் கொஞ்ச நேரம் மேலே தள்ளிப் பாருங்கள். செட்டிநாட்டுப் பக்கம் எந்தக் கமிட்டியின் குழுவிலும் அநேகமாக இவையெல்லாம் கிடக்கும்: கல்வி உதவி கேட்ட பிள்ளைகளின் ஆதார் நகல், பெற்றோரின் பாஸ்புக் முதல் பக்கம், கோயில் நகைகளைப் பட்டுத்துணியில் பரப்பி எடுத்த போட்டோ, பங்காளிகள் வழக்கில் இருக்கும் வீட்டின் பத்திரம், மருத்துவ உதவி கேட்ட ஓர் ஆச்சியின் ஸ்கேன் ரிப்போர்ட். குழுவில் இருக்கும் ஒவ்வொருவர் போனிலும் இவை தானாக இறங்கியிருக்கும். அவற்றில் பல, பேரப்பிள்ளைகள் கையில் விளையாடக் கொடுக்கும் போன்கள்.

நான் காரைக்குடியில் ஓர் அறக்கட்டளை அலுவலகத்தில் கணக்கும் கணினியும் பார்க்கிறேன். எங்களுக்கு ஒரு பள்ளிக்கூடம் உண்டு, உதவித்தொகை உண்டு, திருப்பணி வேலை உண்டு. காரியக்காரர்கள் காரைக்குடி, தேவகோட்டை, சென்னை, சிங்கப்பூர், பினாங்கு என்று இருக்கிறார்கள். எனக்கு முன் இங்கே வேலை பார்த்தவர்தான் வாட்ஸ்ஆப் குழுவுக்கு ஒரே அட்மின். அவர் வேலையை விட்டுப் போனபோது குழுவின் கட்டுப்பாடும் அவர் போனோடு போய்விட்டது. புதுக் குழு தொடங்கினோம். பழைய குழுவில் இருந்த காகிதங்கள் எல்லாம் இன்றும் அவர் போனில் இருக்கலாம். அவர் நல்ல மனிதர். ஆனால் நூற்றுக்கணக்கான குடும்பங்களின் காகிதங்களை ஒருவருடைய நல்ல குணத்தை மட்டும் நம்பி வைக்கக் கூடாது என்பதுதான் எங்களை இந்த வேலையில் இறக்கியது. அறக்கட்டளைக்கென்று சொந்தமாக ஒரு மெசேஜ் சர்வர் வைத்தோம். நாங்கள் செய்ததை, பிற சங்கங்களும் பள்ளிகளும் கூட்டுறவுகளும் செய்யத் தோதாக எழுதுகிறேன்.

வாட்ஸ்ஆப்பில் இல்லாதது என்ன?

கமிட்டிக் கூட்டத்தில் பெரியவர் ஒருவர் முதலில் கேட்டதே இதைத்தான்: "ஏன் ஆத்தா, வாட்ஸ்ஆப்புலயே பூட்டுப் படம் போட்டு வருதே, இன்னும் என்ன வேணும்?"

நியாயமான கேள்வி. 2016 முதல் வாட்ஸ்ஆப் செய்திகள் அனுப்புபவர் போனில் பூட்டப்பட்டு, பெறுபவர் போனில்தான் திறக்கின்றன. நடுவில் இருக்கும் நிறுவனத்தால் படிக்க முடியாது. குறை வேறு இடங்களில் இருக்கிறது. உங்கள் கணக்கு உங்கள் போன் நம்பர். அறக்கட்டளைக்கு அதன் மேல் எந்த உரிமையும் இல்லை. கூகுள் டிரைவில் போகும் பேக்கப், நீங்களாகப் போய் அமைத்தால் ஒழிய அதே பூட்டோடு போவதில்லை. யார் உள்ளே, யார் வெளியே என்ற பதிவேடு அலுவலகத்தின் கையில் இல்லை. எல்லாவற்றுக்கும் மேல், ஒரே நிறுவனத்தின் சர்வர்களை நம்பித்தான் எல்லாம் நடக்கிறது. 2021 அக்டோபர் 4 இரவு, நம் நேரம் ஒன்பது மணி தாண்டியதும் வாட்ஸ்ஆப், ஃபேஸ்புக், இன்ஸ்டாகிராம் மூன்றும் உலகம் முழுக்க ஆறு மணி நேரம் போல விழுந்து கிடந்தது பலருக்கு நினைவிருக்கும். சிக்னல் நல்ல செயலி. வீட்டுக்குள் பேச அதைத்தான் நான் எல்லோருக்கும் சொல்கிறேன். ஆனால் அதுவும் ஒரே அமைப்பின் சர்வரில்தான் ஓடுகிறது, கணக்குத் தொடங்கப் போன் நம்பரும் வேண்டும்.

நாங்கள் எடுத்தது மேட்ரிக்ஸ். செயலிகளும் சர்வர்களும் செய்தி பரிமாறிக்கொள்ளும் விதிமுறை, அதாவது நெறிமுறை அது; 2014-ல் தொடங்கியது. மின்னஞ்சலைப் போலவே யார் வேண்டுமானாலும் சர்வர் வைக்கலாம், சர்வர்கள் ஒன்றோடொன்று பேசிக்கொள்ளும். பினாங்கில் இருக்கும் சங்கம் தனக்கென்று சர்வர் வைத்து, எங்கள் சர்வரோடு ஒரே அறையில், அதாவது ஒரே குழுவில், கலந்துகொள்ளலாம். அறையின் பேச்சு இரண்டு சர்வரிலும் பிரதியாக இருக்கும். காரைக்குடி சர்வர் படுத்தாலும் அங்கே இருப்பவர்கள் தங்களுக்குள் பேசிக்கொண்டே இருக்கலாம். பிரான்ஸ் அரசு ஊழியர்களின் 'சாப்' என்ற செயலி 2019-ல் இதன் மேல்தான் வந்தது. ஜெர்மன் ராணுவமும் இதன் மேல் கட்டிய செயலியைத்தான் பயன்படுத்துகிறது. அவ்வளவு பெரிய அமைப்புகளுக்கு ஆகிவந்தது நமக்கும் ஆகும் என்பதற்காக இதைச் சொல்லவில்லை. அவர்கள் பட்ட அடிகளிலிருந்து நமக்குப் பாடம் இருக்கிறது, கீழே வருகிறேன்.

இன்னொரு வழி எக்ஸ்எம்பிபி. 1999-ல் ஜாபர் என்ற பெயரில் வந்த பழைய நெறிமுறை, இன்னும் திடமாக இருக்கிறது. சின்ன சர்வரில் ஓடும். 'கான்வர்சேஷன்ஸ்' என்ற ஆண்ட்ராய்டு செயலியும் 'ஒமெமோ' என்ற பூட்டுமுறையும் அதற்கு உண்டு. பத்துப் பதினைந்து பேர் உள்ள சங்கம் என்றால் எக்ஸ்எம்பிபி மேல் கட்டிய 'ஸ்னிக்கெட்' போதும், மேட்ரிக்ஸ் வேண்டாம் என்பேன். எங்களுக்கு வெளிநாட்டுச் சங்கங்களோடு கலந்த அறைகள் தேவைப்பட்டதாலும், பழைய பேச்சைப் புதுப் போனில் மீட்க வேண்டியிருந்ததாலும் மேட்ரிக்ஸ் எடுத்தோம்.

சட்டம்: இதைத் தாண்டிப் போகாதீர்கள்

2023 மே மாதம் மத்திய அரசு 14 செயலிகளைத் தடை செய்தது. பிரையர், திரீமா, விக்கர் ஆகியவற்றோடு, மேட்ரிக்ஸில் அதிகம் புழங்கும் 'எலிமெண்ட்' செயலியும் அந்தப் பட்டியலில் இருந்தது. மேட்ரிக்ஸ் என்பது நெறிமுறை. எலிமெண்ட் அதைப் பேசும் பல செயலிகளில் ஒன்று. ஆனாலும் ஒரு பதிவு பெற்ற அறக்கட்டளை இதை மேம்போக்காக எடுத்துக்கொள்ளக் கூடாது. தொடங்கும் முன் உங்கள் வழக்கறிஞரிடம் எழுத்தில் கருத்து வாங்கி மினிட் புத்தகத்தில் ஏற்றுங்கள். நாங்கள் அப்படி வாங்கிய பிறகுதான், தடைப் பட்டியலில் இல்லாத 'ஃப்ளஃபிசாட்' செயலியைக் கமிட்டிக்குக் கொடுத்தோம்.

இரண்டாவது, இணையப் பாதுகாப்புச் சம்பவங்களைக் கவனிக்கும் மத்திய அரசின் சர்ட்-இன் அமைப்பு 2022 ஏப்ரல் 28 அன்று வெளியிட்ட உத்தரவு. சர்வரில் ஊடுருவல் நடந்ததாகத் தெரிய வந்தால் 6 மணி நேரத்துக்குள் தெரிவிக்க வேண்டும். சர்வரில் நடப்பதைக் குறித்து வைக்கும் லாக் பதிவுகளை 180 நாள் வைத்திருக்க வேண்டும். நிறுவனங்களுக்கும் அது பொருந்தும். சர்ட்-இன்னுக்கு யார் மின்னஞ்சல் அனுப்புவது என்று இப்போதே ஒரு பெயர் எழுதி வையுங்கள். சம்பவம் நடந்த இரவில் அதற்கு நேரம் இருக்காது.

மூன்றாவது, 2023-ன் டிஜிட்டல் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம். அதன் விதிகள் 2025 நவம்பரில் வந்து, படிப்படியாக நடைமுறைக்கு வருகின்றன. பள்ளிக்கூடம் நடத்துபவர்கள் இதைக் கட்டாயம் படிக்க வேண்டும்: 18 வயதுக்கு உட்பட்ட பிள்ளையின் விவரத்தைக் கையாளப் பெற்றோரின் சம்மதம் வேண்டும். தகுந்த பாதுகாப்பு இல்லாமல் தரவு கசிந்தால் அபராதம் 250 கோடி ரூபாய் வரை போகலாம். ஆதார் நகலைக் குழுவில் போடும் வழக்கத்தை நிறுத்த, கமிட்டிக் கூட்டத்தில் இந்த ஒரு வரியைப் படித்தாலே போதும்.

பெயர் வைப்பது

தொழில்நுட்ப வேலையில் முதல் முடிவு சர்வரின் பெயர். அதாவது ஒவ்வொருவர் முகவரியின் கடைசியிலும் வரும் டொமைன். 'சினாப்ஸ்' என்ற மேட்ரிக்ஸ் சர்வர் மென்பொருளில் இதை ஒருமுறை வைத்துவிட்டால் பிறகு மாற்ற வழி கிடையாது. மாற்ற வேண்டுமென்றால் எல்லாக் கணக்கும் எல்லா அறையும் புதிதாகத் தொடங்க வேண்டும். பர்மாவிலும் மலாயாவிலும் கொண்டுவிற்ற நாளில், மூன்று நான்கு தலைமுறை முதலெழுத்துகளைக் கோர்த்துக் கடைக்கு விலாசம் வைத்தார்கள். ஆள் மாறினாலும் ஊர் மாறினாலும் விலாசம் மாறாது. அந்தக் கவனத்தோடு இதை வையுங்கள். இப்போதைய தலைவர் பெயர், நடக்கிற திருப்பணியின் பெயர், ஆண்டு எதுவும் வேண்டாம். அறக்கட்டளையின் பதிவுப் பெயரே போதும்.

டொமைன் யார் பெயரில் பதிவாகிறது என்பதைப் பாருங்கள். வெப்சைட் செய்து கொடுத்த பையன் தன் பெயரிலேயே டொமைனை வாங்கி வைத்திருப்பது நம் பக்கம் சர்வ சாதாரணம். டொமைன் யாரிடமோ, அவரிடம்தான் சர்வரும். பதிவு அறக்கட்டளை பெயரிலும், பதிவு மின்னஞ்சல் இரண்டு காரியக்காரர்கள் திறக்கக்கூடியதாகவும், கட்டணம் அறக்கட்டளை வங்கிக் கணக்கிலிருந்தும் இருக்கட்டும்.

சர்வர்

இந்தப் பகுதி பலர் நினைப்பதைவிட எளிது. மும்பையிலோ சென்னையிலோ டேட்டா சென்டர் உள்ள நிறுவனத்தில் 4 ஜிபி ராம் உள்ள சர்வர் ஒன்று எடுங்கள். நூறு பேருக்குள் என்றால் தாராளம். அலுவலக மேஜைக்கடியில் வைக்காதீர்கள். காரைக்குடி கரண்ட்டையும் மழைக்காலத்து ஃபைபரையும் நம்பி இதை நடத்த முடியாது. சினாப்ஸைப் போடும்போது தரவுத்தளமாக போஸ்ட்கிரெஸ்தான் எடுக்க வேண்டும். கூடவே வரும் எஸ்க்யூலைட் சோதித்துப் பார்க்க மட்டும். பொதுப் பதிவை மூடியே வையுங்கள். கணக்கு வேண்டியவருக்கு அலுவலகம்தான் கணக்குத் திறந்து கொடுக்க வேண்டும், இல்லையென்றால் ஒருமுறை மட்டும் செல்லும் பதிவு டோக்கன் கொடுக்கலாம்.

பதிவை மூடச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. பிரான்ஸின் சாப் செயலி 2019 ஏப்ரலில் வெளியானது. அரசு மின்னஞ்சல் உள்ளவர்கள் மட்டும் கணக்குத் திறக்கலாம் என்று விதி. வெளியான உடனேயே ஒரு பாதுகாப்பு ஆய்வாளர், மின்னஞ்சலைச் சரிபார்க்கும் இடத்தில் இருந்த ஓட்டை வழியாக, அதிபர் மாளிகை ஊழியர் போலக் கணக்குத் திறந்து உள்ளே போய்விட்டார். பூட்டுமுறையில் எந்தக் குறையும் இல்லை. வாசலில் ஆளைச் சரிபார்ப்பதில்தான் குறை.

பிற சர்வர்களோடு பேசுவதை முழுக்கத் திறந்துவிடாமல், அனுமதித்த சர்வர்களின் பட்டியல் ஒன்றை அமைப்புக் கோப்பில் எழுதுங்கள். எங்கள் பட்டியலில் இருப்பவை மிகச் சில. வெளியாள் அழைப்பு அனுப்பிக் கமிட்டி ஆட்களை ஏமாற்றும் வழியை இது அடியோடு அடைக்கிறது. வாட்ஸ்ஆப்போடு இணைக்கும் பாலம் வேண்டும் என்று யாராவது கேட்பார்கள். பாலம் ஓடும் சர்வரில் செய்தி ஒருமுறை திறந்து மறுபடி பூட்டப்படுகிறது. செய்த வேலை அத்தனையும் வீண். கூடாது என்று சொல்லிவிடுங்கள்.

சர்வரைப் பராமரிக்க ஆள் இல்லாத சங்கம் இதைத் தொடங்கவே வேண்டாம். பூட்டுமுறை எவ்வளவு நல்லதாக இருந்தாலும் ஆறு மாதம் அப்டேட் செய்யாத சர்வர் ஆபத்துதான். உள்ளூரில் லினக்ஸ் தெரிந்த ஒருவருக்கு மாதச் சம்பளமாக ஏதாவது கொடுங்கள். அழகப்பா பல்கலைக்கழகம் உள்ள ஊரில் கணினி படித்த பிள்ளைகளுக்குப் பஞ்சமில்லை. இலவசமாகச் செய்கிறேன் என்று வருபவரிடம் கொடுக்காதீர்கள். சம்பளம் வாங்குபவரிடம்தான் பொறுப்பு கேட்க முடியும்.

என்னை நம்ப வேண்டியதில்லை என்ற நிலை

இதுதான் முக்கியமான பகுதி. பொறுமையாகப் படியுங்கள்.

சர்வரை நடத்துவது நான். யாருடைய பாஸ்வேர்டையும் என்னால் மாற்ற முடியும். மாற்றினால் அவர் பெயரில் ஒரு புதுக் கருவியிலிருந்து உள்ளே போக முடியும். பழைய செய்திகள் திறக்காது, ஏனென்றால் சாவிகள் அவர் கருவியில் இருக்கின்றன. ஆனால் அதன் பிறகு வரும் செய்திகள் அந்தப் புதுக் கருவிக்கும் பூட்டி அனுப்பப்படலாம். நான் செய்ய மாட்டேன். நாளைக்கு என் இடத்தில் வருபவர்? சர்வருக்குள் புகுந்த திருடன்? இதைத் தடுப்பது சரிபார்ப்பு ஒன்றுதான். கருவியை அதன் சொந்தக்காரர் தன் பழைய கருவியாலோ மீட்புச் சாவியாலோ உறுதி செய்யாவிட்டால், மற்றவர்களுக்கு எச்சரிக்கை வரும். உறுதி செய்யாத கருவிகளுக்குச் செய்தி அனுப்பாதே என்ற அமைப்பும் செயலியில் இருக்கிறது. எல்லோர் போனிலும் அதைப் போட்டுக் கொடுத்திருக்கிறேன்.

ஆளுக்கு ஆள் சரிபார்ப்பதும் வேண்டும். நேரில் இருந்தால் கியூஆர் கோடு காட்டிவிடலாம். தூரத்தில் இருந்தால் இரண்டு போனிலும் ஏழு படங்கள் தோன்றும். இருவருக்கும் ஒரே ஏழு, ஒரே வரிசையில் இருக்க வேண்டும். பினாங்கு ஆச்சி ஒருவரோடு இதைச் செய்தபோது அவரைச் சாதாரண போன் காலில் பிடித்துக்கொண்டேன். அவர் குரல் எனக்குத் தெரியும், என் குரல் அவருக்குத் தெரியும். இதற்கு அதுதான் ஆதாரம். "ஆச்சி, முதல் படம் யானை." "இருக்கு." "குடை." "இருக்கு." "சேவல்." "இருக்குத்தா." சாவி, மணி, வாழைப்பழம் என்று போய்க் கடைசியில் நங்கூரம். "கப்பல்ல போடுவாங்களே அதுதானே, இருக்கு." இருவரும் சரி என்று அழுத்தினோம், முடிந்தது. படங்களை எழுதி அனுப்பச் சொல்லாதீர்கள். நடுவில் ஆள் புகுந்திருந்தால் எழுத்தையும் அவன் மாற்றுவான். குரல் கேட்க வேண்டும்.

கமிட்டியில் ஒவ்வொருவரும் எல்லோரையும் சரிபார்க்கத் தேவையில்லை என்று சிலர் சொல்வார்கள். பணம், நகை, வழக்கு பேசும் அறையில் இருப்பவர்கள் ஒருவரையொருவர் கட்டாயம் சரிபார்க்க வேண்டும் என்பது எங்கள் விதி. ஒருவரை ஒருமுறை சரிபார்த்தால் போதும். பிறகு அவர் தானே உறுதி செய்யும் எல்லாக் கருவிகளும் அதில் அடங்கிவிடும்.

அடுத்தது மீட்புச் சாவி. கணக்கு தொடங்கும்போது செயலி 48 எழுத்துகளை நான்கு நான்காகப் பன்னிரண்டு கட்டமாகக் காட்டும். போன் தொலைந்து, உறுதி செய்த வேறு கருவியும் இல்லையென்றால் பழைய செய்திகளைத் திறக்க இது ஒன்றுதான் வழி. நான் உட்பட யாராலும் மீட்டுத் தர முடியாது. 2019 ஏப்ரலில் மேட்ரிக்ஸ் அமைப்பின் சொந்தப் பொதுச் சர்வருக்குள்ளேயே ஒருவர் புகுந்துவிட்டார். ஜென்கின்ஸ் என்ற மென்பொருளைப் புதுப்பிக்காமல் விட்டது வழியாயிற்று. பாதுகாப்புக்காக எல்லோரையும் வெளியேற்றினார்கள். சாவியைப் பேக்கப் எடுக்காதவர்கள் பூட்டிய செய்திகளை இழந்தார்கள். இதைச் சொன்ன பிறகு எங்கள் கமிட்டியில் யாரும் மீட்புச் சாவியை அலட்சியப்படுத்தவில்லை.

சாவியைப் பேனாவால் காகிதத்தில் எழுதச் சொல்லுங்கள். ஸ்கிரீன்ஷாட் எடுத்தால் அது கூகுள் போட்டோஸுக்குப் போய்விடும். பெரிய எழுத்து சின்ன எழுத்து வித்தியாசம் உண்டு என்பதால், எழுதிய பிறகு இன்னொருவர் உரக்கப் படிக்க, எழுதியவர் திரையோடு ஒப்பிட வேண்டும். பூஜ்யமும் ஆங்கிலப் பெரிய ஓ எழுத்தும் அதில் வராது; அந்தக் குழப்பம் மட்டும் இல்லை. அவரவர் சாவியை அவரவர் வீட்டில் வைக்கட்டும். அலுவலகத்துக்கென்று இருக்கும் கணக்கின் சாவியை உறையில் போட்டு, ஒட்டிய இடத்தின் மேல் இருவர் கையெழுத்திட்டு, அலுவலக இரும்புப் பெட்டியில் வைத்திருக்கிறோம். அந்தப் பெட்டியைத் திறக்க இரண்டு காரியக்காரர்கள் சேர்ந்து வர வேண்டும். அது நகைக்காகத் தாத்தா காலத்திலேயே வைத்த ஏற்பாடு. அந்த உறையில் கை வைக்க எனக்கு அதிகாரமில்லை. அப்படித்தான் இருக்க வேண்டும் என்று கமிட்டியில் எழுதி வாங்கியதும் நான்தான்.

அறைகள்

எல்லா அறையையும் அலுவலகக் கணக்கிலிருந்தே தொடங்குங்கள். 2025-ல் வந்த 12-ஆம் அறைப் பதிப்பில் (மேட்ரிக்ஸ் அறைகள் நடக்கும் விதித்தொகுப்பின் புது வடிவம்), அறையைத் தொடங்கியவரின் அதிகாரத்தை யாராலும் பறிக்க முடியாது. ஒரு தனிநபர் தொடங்கிவிட்டால், அவர் போன பிறகும் அறை அவருடையதுதான். தொடங்கும்போதே இன்னொருவரையும் தொடங்கியவராகச் சேர்க்க முடியும், சேருங்கள்.

பூட்டுமுறையை ஓர் அறையில் போட்டால் பிறகு எடுக்க முடியாது. அறையின் பெயர், தலைப்பு, யார் யார் உறுப்பினர், எந்நேரம் செய்தி போயிற்று ஆகியவை பூட்டுக்குள் வராது. சர்வரைப் பார்ப்பவருக்கு அவை தெரியும். ஆகவே அறைக்கு 'இன்னார் வீட்டு வழக்கு' என்று பெயர் வைக்காதீர்கள். 'சட்டம் 2' போதும். புதிதாகச் சேர்பவருக்குப் பழைய பேச்சு தெரிய வேண்டுமா என்பதை அறைக்கு அறை முடிவு செய்யுங்கள். உதவித்தொகை அறையில் 'சேர்ந்த நாளிலிருந்து மட்டும்' என்று வைத்திருக்கிறோம்.

உதவித்தொகைக் காகிதங்களுக்கு ஒரு தனி விதி: சரிபார்த்து முடிந்ததும் கோப்பில் சேர்த்துவிட்டு, அறையிலிருந்து நீக்கிவிட வேண்டும். செய்தியை நீக்கினாலும் கோப்பு சர்வரில் தங்கியிருக்கும். பழைய மீடியாவைக் கழிக்க நிர்வாகக் கட்டளை தனியாக இருக்கிறது. அதை ஒழுங்காக ஓட்ட வேண்டும். போன் பூட்டியிருக்கும்போது திரையில் செய்தி தெரியாமல் இருக்க அறிவிப்பு முன்னோட்டத்தை அணைத்துவிடுங்கள். பேருந்தில் பக்கத்து சீட்டுக்காரர் படிப்பதைத் தடுக்க எந்தப் பூட்டுமுறையும் உதவாது.

வேலையை விட்டுப் போகிறவரின் கணக்கை அன்றைக்கே முடக்குங்கள். எல்லாக் கருவியிலிருந்தும் வெளியேற்றி, அறைகளிலிருந்து எடுத்துவிடுங்கள். அதற்கு முன் அவரை உட்கார வைத்து, அவர் போனில் இறங்கியிருக்கும் கோப்புகளை அவரே அழிக்கும்படி மரியாதையாகக் கேளுங்கள். ஏற்கெனவே கையில் போய்ச் சேர்ந்ததை எந்த சர்வராலும் திரும்ப வாங்க முடியாது.

ஆட்களை அழைத்து வருவது

வாட்ஸ்ஆப்பை மூடச் சொல்லாதீர்கள். கல்யாணப் பத்திரிகை, துக்கச் செய்தி, பழனிப் பாதயாத்திரைக் காவடி குன்றக்குடியில் சேரும் நேரம், அன்னதானத்துக்கு யார் காய்கறி என்பதெல்லாம் அங்கேயே இருக்கட்டும். அவற்றில் ரகசியமில்லை. புது இடத்துக்கு மூன்றே அறைகளை மாற்றினோம்: உதவித்தொகை, நகையும் கணக்கும், வழக்கு. இந்த மூன்றைப் பற்றி வாட்ஸ்ஆப்பில் யாராவது எழுதினால், நான் பதில் போடுவதில்லை. புது அறையில்தான் பதில் வரும். தலைவரும் அப்படியே நடந்துகொண்டார். கமிட்டி வந்து சேர்ந்ததற்கு அதுதான் காரணம். நான் எடுத்த பாடம் எதுவும் அவ்வளவு வேலை செய்யவில்லை.

வயதானவர்களுக்கு வீட்டுக்கே போய்ச் சொல்லிக் கொடுங்கள். கானாடுகாத்தானில் ஒரு காரியக்காரர் வீட்டு முகப்பில் உட்கார்ந்து, அவர், அவர் மனைவி, கணக்குப்பிள்ளை மூவருக்கும் சேர்த்துச் சொல்லிக் கொடுத்தேன். மூவரும் சேர்ந்து கற்றால் ஒருவருக்கு மறந்தது இன்னொருவருக்கு நினைவிருக்கும். தட்டச்சு வராதவர்களுக்குக் குரல் பதிவைக் காட்டுங்கள். பூட்டிய அறையில் அதுவும் பூட்டியே போகிறது. அதைப் பார்த்ததும் காரியக்காரரின் மனைவியான அந்த ஆச்சிதான் முதலில் பேசிப் பதிவு அனுப்பினார்.

போனைப் பற்றியும் ஒரு வார்த்தை. 2019-ல் வாட்ஸ்ஆப் அழைப்பில் இருந்த ஓட்டை வழியாகச் சுமார் 1,400 கருவிகளில் பெகாசஸ் உளவு மென்பொருள் நுழைந்தது. போனே பிறர் வசமானால் அதில் ஓடும் எந்தச் செயலியும் காப்பாற்றாது. பாதுகாப்பு அப்டேட் நின்றுபோன பழைய போனில் நகை அறையைத் திறக்க நாங்கள் அனுமதிப்பதில்லை. இரண்டு பேருக்கு அறக்கட்டளை செலவிலேயே புதுப் போன் வாங்கிக் கொடுத்தோம். கமிட்டியில் அதற்கு எதிர்ப்பு இருந்தது. என் கருத்தில் இந்த முயற்சியிலேயே சரியாகச் செலவான பணம் அதுதான்.

நடந்துகொண்டே இருக்க வேண்டிய வேலை

2022 செப்டம்பரில் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் மேட்ரிக்ஸ் செயலிகளின் பூட்டுமுறையில் தீவிரமான ஓட்டைகளைக் கண்டு வெளியிட்டார்கள்; திருத்தங்கள் வந்தன. 2025-ல் நெறிமுறையிலேயே குறைகள் தெரிந்து 12-ஆம் அறைப் பதிப்பு வந்தது. ஓட்டை வருவதும் அடைவதும் எந்த மென்பொருளிலும் உண்டு. நிரல் திறந்த மூலம் என்பதால் அது எல்லோரும் பார்க்கும்படி நடக்கிறது, அது நல்லது. உங்கள் பங்கு, அறிவிப்பு வந்த அன்றே சர்வரையும் செயலியையும் புதுப்பிப்பது. பழைய அறைகளைப் புதுப் பதிப்புக்கு மேம்படுத்தும்போது ஆட்கள் புது அறைக்குள் வந்தார்களா என்று பெயர் பெயராகப் பார்க்க வேண்டும். ஒன்றிரண்டு பேர் பழைய அறையிலேயே எழுதிக்கொண்டிருப்பார்கள்.

பேக்கப்பில் நான்கும் இருக்க வேண்டும்: போஸ்ட்கிரெஸ் தரவுத்தளம், மீடியா கோப்புறை, அமைப்புக் கோப்பு, சர்வரின் கையெழுத்துச் சாவிக் கோப்பு. கடைசியில் சொன்னதைப் பலர் விட்டுவிடுகிறார்கள். அது இல்லாமல் சர்வரைத் திரும்ப எழுப்பினால் மற்ற சர்வர்களோடு பேசுவதில் சிக்கல் வரும். பேக்கப்பைப் பூட்டிய வன்தட்டில், சர்வர் இருக்கும் நிறுவனத்துக்கு வெளியே வையுங்கள்.

பேக்கப் எடுப்பதோடு நிறுத்தாதீர்கள். காலாண்டுக்கு ஒருமுறை, இணையத்தோடு இணைக்காத வேறொரு கணினியில் அதை எழுப்பி, அலுவலகக் கணக்கு உள்ளே போகிறதா, நகை அறையின் பழைய செய்தி ஒன்று மீட்புச் சாவியால் திறக்கிறதா என்று பாருங்கள். எங்கள் அலுவலகத்தில் அன்றைக்குத்தான் இரும்புப் பெட்டியைத் திறக்க இரண்டு காரியக்காரர்களும் வருவார்கள். உறையைப் பிரித்து, பார்த்து முடித்ததும் அவர்கள் முன்னாலேயே புது உறையில் ஒட்டிக் கையெழுத்து வாங்கி உள்ளே வைத்துவிடுகிறேன். தேதியை மினிட் புத்தகத்தில் எழுதுவது கணக்குப்பிள்ளை வேலை.